சுளுக்கு என்றால் எந்தக் குறியீடு? கணுக்கால், பாதத் தசைக் காயங்களுக்கான கோடிங் அறிமுகம்

படியிறங்கும்போது கால் பிசகினால் தமிழில் அதற்கு ஒரே சொல்தான்: சுளுக்கு. எலும்பையும் எலும்பையும் பிணைக்கும் லிகமெண்ட் இழுபட்டாலும் சுளுக்கு, தசையை எலும்போடு சேர்க்கும் டெண்டன் இழுபட்டாலும் சுளுக்கு. டெண்டனை ‘நரம்பு’ என்று சொல்வதும் உண்டு. ‘குதிகால் நரம்பு’ என்று பலர் தொட்டுக் காட்டுவது உண்மையில் அகில்லிஸ் டெண்டன். பத்திரிகைகளிலோ ‘தசைநார்’ என்ற சொல் இரண்டுக்கும் ஓடுகிறது. பேச்சுக்கு இது போதும். மருத்துவக் குறிப்பில் உள்ள நோயையும் சிகிச்சையையும் குறியீடாக மாற்றும் வேலையான மெடிக்கல் கோடிங்கில் இந்த இரண்டும் வேறு வேறு குறியீட்டுக் குடும்பங்கள். புதிதாக வருபவர்கள் முதலில் தடுமாறுவதும் இங்கேதான்.

இங்கே பேசப்போவது அமெரிக்காவில் நோயறிதலைக் குறியீடாக எழுதப் பயன்படும் ஐசிடி-10-சிஎம் தொகுப்பைப் பற்றி. 2015 அக்டோபர் 1 முதல் அங்கே இதுதான் நடைமுறை. ஆண்டுதோறும் அக்டோபர் 1 அன்று புதிய பதிப்பு அமலுக்கு வரும். சென்னையிலும் கோவையிலும் திருச்சியிலும் கோடிங் வேலைக்குச் சேரும் பட்டதாரிகளின் திரையில் வந்து விழுவது பெரும்பாலும் அமெரிக்க நோயாளியின் சார்ட்தான் (மருத்துவக் குறிப்பு) என்பதால் அந்த ஊர் விதியைத்தான் படிக்க வேண்டியிருக்கிறது. உலக சுகாதார நிறுவனத்தின் மூல ஐசிடி-10இலும் எஸ்96 உண்டு. ஆனால் அதில் வலது, இடது பிரிவு கிடையாது, ஏழாவது எழுத்தும் கிடையாது. இணையத்தில் தேடி எடுக்கும்போது எந்தப் பதிப்பைப் பார்க்கிறீர்கள் என்று ஒருமுறை சரிபார்த்துக்கொள்ளுங்கள். குறியீடுகளின் ஆங்கில எழுத்துகளை இந்தக் கட்டுரையில் ஒலிப்படி தமிழில் எழுதியிருக்கிறோம். மென்பொருளில் ஆங்கில எழுத்தைத்தான் தட்ட வேண்டும்.

முதல் கேள்வி: எந்தத் திசு?

சார்ட்டில் ‘ஸ்ப்ரெயின்’ என்று இருந்தால் காயம் லிகமெண்டில். அதற்கான வீடு எஸ்93. கணுக்கால் என்றால் எஸ்93.4, கால்விரல் என்றால் எஸ்93.5, பாதம் என்றால் எஸ்93.6. ‘ஸ்ட்ரெயின்’ என்று இருந்தால் காயம் தசையிலோ டெண்டனிலோ. கணுக்கால், பாத மட்டத்தில் அதற்கான வீடு எஸ்96. இரண்டு சொற்களுக்கும் இடையே ஓரிரு எழுத்துதான் வித்தியாசம். வேகமாகப் படிக்கிற கண் இரண்டையும் ஒன்றாக வாசித்துவிடும். அதனால் சொல்லை மட்டும் நம்பாமல் எந்த உறுப்பின் பெயர் எழுதியிருக்கிறது என்று பாருங்கள். டாலோஃபிபுலர், கால்கேனியோஃபிபுலர், டெல்டாய்ட் என்று வந்தால் அது லிகமெண்ட். ஃப்ளெக்சர், எக்ஸ்டென்சர், பெரோனியல், டிபியாலிஸ் என்று வந்தால் தசை அல்லது டெண்டன். ‘கணுக்கால் ஸ்ட்ரெயின்’ என்று எழுதிவிட்டுப் பரிசோதனைக் குறிப்பில் டாலோஃபிபுலர் லிகமெண்டில் வலி என்று மட்டும் மருத்துவர் எழுதியிருந்தால், கோடர் தானாக ஒன்றைத் தேர்ந்தெடுக்கக் கூடாது. கேட்க வேண்டும்.

புதியவர்கள் நம்பத் தயங்கும் ஒரு விஷயம் உண்டு. டெண்டன் இரண்டாகவே அறுந்துபோனாலும், அடிபட்டோ திடீரென இழுபட்டோ அது நடந்திருந்தால், குறியீட்டுத் தொகுப்பின் அகரவரிசைப் பட்டியல் உங்களை ‘ஸ்ட்ரெயின்’ என்ற தலைப்புக்குத்தான் அனுப்பும். முழுக் கிழிசலுக்கும் லேசான இழுப்புக்கும் அங்கே ஒரே குறியீடு. ‘ரப்சர்’ என்பதற்குத் தனி எண் தேடி அரை மணி நேரம் வீணாக்க வேண்டாம். தோல் வழியாகக் கத்தியோ கண்ணாடியோ புகுந்து டெண்டனை வெட்டினால்தான் அது ‘லேசரேஷன்’, வேறு எண்.

இரண்டாவது கேள்வி: எந்த மட்டம்?

கால்விரல்களை அசைக்கும் நீளமான தசைகளின் சதைப்பகுதி கெண்டைக்காலிலும் முன்காலிலும் இருக்கிறது. டெண்டன் மட்டும் கணுக்காலைத் தாண்டிப் பாதத்துக்குள் இறங்குகிறது. ஆகவே ஒரே தசைக்கு இரண்டு முகவரி. கீழ்க்கால் (முழங்காலுக்கும் கணுக்காலுக்கும் இடைப்பட்ட பகுதி) மட்டத்தில் அடிபட்டால் எஸ்86, கணுக்கால் அல்லது பாத மட்டத்தில் அடிபட்டால் எஸ்96. ஃப்ளெக்சர் ஹாலுசிஸ் லாங்கஸ் என்ற பெயரைப் பார்த்ததுமே எஸ்96.0 என்று போட்டுவிடுகிறார்கள். காயம் கெண்டைச் சதையில் இருந்தால் அது எஸ்86.1.

அகில்லிஸ் டெண்டன் இந்த விதிக்கு விலக்கு. அது குதிகாலில்தான் போய் ஒட்டுகிறது, நோயாளி காட்டுவதும் அங்கேதான். ஆனாலும் ஐசிடி-10-சிஎம் அதைக் கீழ்க்காலோடு சேர்த்து எஸ்86.0இல் வைத்திருக்கிறது. வலது அகில்லிஸ் கிழிந்து நோயாளி முதன்முதலாக சிகிச்சைக்கு வந்தால் எஸ்86.011ஏ. எஸ்96இன் தலைப்புக்குக் கீழேயே ‘அகில்லிஸ் இங்கே இல்லை, எஸ்86.0ஐப் பார்’ என்ற விலக்குக் குறிப்பு இருக்கிறது. குறியீட்டுப் பட்டியலை மட்டும் மனப்பாடம் செய்துவிட்டுத் தலைப்புக் குறிப்புகளைப் படிக்காமல் விடுபவர்கள் ஆடிட்டில் (கோடிங்கைச் சரிபார்க்கும் தணிக்கையில்) மாட்டுவது இப்படித்தான். அந்த விலக்கு ‘எக்ஸ்க்ளூட்ஸ்2’ வகை. அகில்லிஸ் காயமும் பாதத்துத் தசைக் காயமும் ஒரே நோயாளிக்கு இருந்தால் இரண்டையும் போடலாம் என்பது அதன் பொருள். ‘எக்ஸ்க்ளூட்ஸ்1’ என்றால் பொதுவாக இரண்டையும் சேர்த்துப் போடக் கூடாது.

பெரோனியல் டெண்டன்கள் கொஞ்சம் தகராறு. எஸ்86.3 அந்தத் தசைத்தொகுதியைப் பெயர் சொல்லியே குறிப்பிடுகிறது, ஆனால் கீழ்க்கால் மட்டத்துக்கு. எஸ்96இல் அதற்குப் பெயர் இல்லை. கணுக்கால் முட்டுக்குப் பின்னாலோ, ஐந்தாம் மெட்டாடார்சல் அடியிலோ கிழிசல் என்று மருத்துவர் இடத்தைத் தெளிவாக எழுதியிருந்தால் மட்டத்தின்படி எஸ்96.8 பொருந்தும். இடம் எழுதாத சார்ட்டில் அலுவலகத்துக்கு அலுவலகம் வழக்கம் மாறுகிறது. உங்கள் கிளையண்டின் எழுத்துபூர்வ வழிகாட்டுதல் என்ன சொல்கிறது என்று பார்த்துவிட்டுப் போடுங்கள்.

எஸ்96இன் உள்ளே

நான்காவது இலக்கம் எந்தத் தசை என்று சொல்கிறது. 0 என்றால் கால்விரல்களை மடக்கும் நீளத் தசைகள், 1 என்றால் விரல்களை மேலே தூக்கும் நீளத் தசைகள். 2 என்றால் பாதத்துக்குள்ளேயே தொடங்கிப் பாதத்துக்குள்ளேயே முடியும் தசைகள், அதாவது இன்ட்ரின்சிக். 8 என்றால் பெயர் தெரிகிறது, ஆனால் மேலே உள்ள மூன்றிலும் அடங்காது. கணுக்காலில் டிபியாலிஸ் ஆன்டீரியர் டெண்டன் இதற்கு நல்ல உதாரணம். 9 என்றால் எந்தத் தசை என்றே சார்ட்டில் இல்லை.

0, 1, 2க்கு இடையே குழப்பம் வருவது ஒரே ஒரு சொல்லால்: லாங்கஸா, ப்ரீவிஸா? எக்ஸ்டென்சர் டிஜிடோரம் லாங்கஸ் என்றால் எஸ்96.1. எக்ஸ்டென்சர் டிஜிடோரம் ப்ரீவிஸ் பாதத்தின் மேல்பக்கத்திலேயே தொடங்குவதால் எஸ்96.2. ‘எக்ஸ்டென்சர்’ என்பதை மட்டும் படித்து 1ஐப் போட்டால் தப்பு. பெருவிரல் ஃப்ளெக்சருக்கும் இதே கதைதான். லாங்கஸ் 0க்கும் ப்ரீவிஸ் 2க்கும் போகும். லாங்கஸ் நீளமானது, ப்ரீவிஸ் குட்டை என்ற இவ்வளவு லத்தீன் தெரிந்தாலே எஸ்96இல் பாதிப் பிழை குறையும்.

ஐந்தாவது இலக்கம் காயத்தின் வகை: 0 குறிப்பிடப்படாதது, 1 ஸ்ட்ரெயின், 2 லேசரேஷன், 9 மற்ற வகை. ஆறாவது இலக்கம் பக்கம்: 1 வலது, 2 இடது, 9 தெரியாது. இரண்டு கால்களுக்கும் சேர்த்து ஒரு குறியீடு இந்தக் குடும்பத்தில் இல்லை. இரண்டிலும் காயம் என்றால் வலதுக்கு ஒன்று, இடதுக்கு ஒன்று. பக்கத்தை மருத்துவர் எழுத மறந்து, செவிலியர் குறிப்பில் ‘இடது பாதம்’ என்று இருந்தால் அதை வைத்துப் பக்கத்தை எடுத்துக்கொள்ள அதிகாரபூர்வ வழிகாட்டுதல் அனுமதிக்கிறது. நோயறிதலை மட்டும் அப்படி எடுக்க முடியாது.

ஏழாவது எழுத்து

இதுவரை சொன்னதில் தவறினால் ஆடிட்டர் ஒரு மதிப்பெண் குறைப்பார். ஏழாவது எழுத்தே இல்லாவிட்டால் குறியீடு செல்லாது, கிளெய்ம் (இன்சூரன்ஸிடம் பணம் கேட்கும் விண்ணப்பம்) அங்கேயே நின்றுவிடும். எஸ்96க்கு மூன்று எழுத்துகள்: ஏ, டி, எஸ்.

‘ஏ’ என்பதன் ஆங்கிலப் பெயர் ‘முதல் சந்திப்பு’ என்பதால் முதல் நாள் வருகைக்கு மட்டும் ஏ, அடுத்த நாளிலிருந்து டி என்று நினைத்துக்கொள்கிறார்கள். தேதி இங்கே கணக்கில்லை. அன்று நடந்தது நேரடி சிகிச்சையா, குணமாகும்போது செய்யும் கவனிப்பா என்பதுதான் கேள்வி. திங்கட்கிழமை அவசரப் பிரிவில் கட்டுப் போட்டு அனுப்புகிறார்கள்: ஏ. வியாழக்கிழமை எலும்பு மருத்துவர் பார்த்து எம்ஆர்ஐ எழுதுகிறார்: மறுபடியும் ஏ. அடுத்த வாரம் அறுவைசிகிச்சை: அதுவும் ஏ. மூன்று வேறு மருத்துவர்கள், மூன்று வேறு தேதிகள், எல்லாமே ஏ. அதன் பிறகு தையல் பார்க்க, கட்டு மாற்ற, பிசியோதெரபிக்கு வந்தால் டி. இந்த டி வருகைகளுக்கு ‘பின்கவனிப்பு’ இசட் குறியீட்டைக் கூடுதலாகப் போடக் கூடாது, டி என்ற எழுத்தே அந்த வேலையைச் செய்துவிடுகிறது.

‘எஸ்’ என்பது காயம் ஆறிய பின் அது விட்டுச்சென்ற பிரச்சினைக்கு. இதில் வரிசை முக்கியம். இப்போது இருக்கும் பிரச்சினையின் குறியீடு முதலில், பழைய காயத்தின் குறியீடு எஸ் எழுத்தோடு இரண்டாவதாக.

ஒரு சார்ட்டைக் கையில் எடுப்போம்

34 வயது ஆண். தன் வீட்டுச் சமையலறையில் காய் நறுக்கும்போது கத்தி நழுவி வலது பாதத்தின் மேல்பக்கம் விழுந்தது. தனி வீடு. 3 செ.மீ. வெட்டு, பெருவிரலை மேலே தூக்க முடியவில்லை. அந்நியப் பொருள் இல்லை, எலும்பு முறிவு இல்லை. அறுவை அரங்கில் திறந்து பார்த்தபோது எக்ஸ்டென்சர் ஹாலுசிஸ் லாங்கஸ் டெண்டன் முழுதாக வெட்டுப்பட்டிருந்தது. டெண்டனை நேரடியாகத் தைத்து, தோலை மூடினார்கள்.

நீளத் தசை, விரலைத் தூக்குவது: எஸ்96.1. தோல் வழியாக வெட்டு: ஐந்தாவது இலக்கம் 2. வலது: 1. நேரடி சிகிச்சை: ஏ. சேர்த்தால் எஸ்96.121ஏ. எஸ்96இன் தலைப்பில் ‘திறந்த காயம் இருந்தால் எஸ்91ஐயும் போடு’ என்ற குறிப்பு உண்டு. வலது பாதத்தில் அந்நியப் பொருள் இல்லாத வெட்டு என்பது எஸ்91.311ஏ. அன்றைய சிகிச்சையின் மையம் டெண்டன்தான் என்பதால் டெண்டன் முதலில், தோல் இரண்டாவது.

அடுத்து எப்படி, எங்கே, என்ன செய்யும்போது. கத்தி பட்டது டபிள்யூ26.0எக்ஸ்எக்ஸ்ஏ. நடுவில் இரண்டு எக்ஸ் ஏன்? டபிள்யூ26.0 நான்கு இடங்களில் முடிந்துவிடுகிறது. ஏ என்ற எழுத்து ஏழாவது இடத்தில்தான் உட்கார வேண்டும் என்பதால் ஐந்தையும் ஆறையும் எக்ஸ் போட்டு நிரப்புகிறோம். எஸ்96இல் ஆறு இடங்களும் ஏற்கெனவே நிரம்பியிருப்பதால் அங்கே எக்ஸ் தேவைப்படாது. தனி வீட்டின் சமையலறை ஒய்92.010, காய் நறுக்குவது போன்ற சமையலுக்கான தயாரிப்பு வேலை ஒய்93.ஜி1. இந்த இடம், செயல் குறியீடுகள் முதல் வருகையில் ஒருமுறை மட்டும். புறக்காரணக் குறியீடு எதுவும் வரிசையில் முதலாவதாக வரக் கூடாது. எல்லா இன்சூரன்ஸ் நிறுவனங்களும் இவற்றைக் கட்டாயமாகக் கேட்பதில்லை. ஆனால் விபத்து என்று தெரிந்தால் ‘எங்கே அடிபட்டது’ என்று நோயாளிக்குக் கடிதம் அனுப்பிவிட்டுப் பணத்தை நிறுத்திவைக்கும் நிறுவனங்கள் இருக்கின்றன. இரண்டு நிமிட வேலை, போட்டுவிடுவதே நல்லது.

செய்த வேலைக்கான குறியீடு சிபிடி தொகுப்பிலிருந்து வரும். பாதத்தில் எக்ஸ்டென்சர் டெண்டனைத் தைத்தது 28208, வலது என்பதற்கு ஆர்டி மாடிஃபையர் (குறியீட்டோடு சேர்க்கும் இரண்டெழுத்து ஒட்டு; இடது என்றால் எல்டி). ஃப்ளெக்சராக இருந்திருந்தால் 28200, அகில்லிஸ் என்றால் 27650. 28208, 28200 இரண்டின் விளக்கத்திலும் ‘ஒவ்வொரு டெண்டனுக்கும்’ என்ற சொல் இருக்கிறது. அறுவைக் குறிப்பில் மூன்று டெண்டன்களைத் தைத்திருந்து நீங்கள் ஒன்றுக்கு மட்டும் போட்டால் மருத்துவருக்கு நஷ்டம். தோலை மூடியதற்குத் தனிக் குறியீடு போடாதீர்கள், அது டெண்டன் அறுவையிலேயே அடக்கம்.

இரண்டு வாரம் கழித்துத் தையல் பிரிக்க வருகிறார். எஸ்96.121டி, எஸ்91.311டி, டபிள்யூ26.0எக்ஸ்எக்ஸ்டி. அறுவைக்குப் பின் 90 நாள் வரையிலான வழக்கமான கவனிப்பு முதல் கட்டணத்திலேயே அடங்கிவிடுவதால் அந்த வருகைக்கு 99024 மட்டும், பணம் வராது. எட்டு மாதம் கழித்து அந்தப் பாதத்தில் மூட்டு இறுகிப்போய் வருகிறார், பழைய வெட்டால் வந்த கான்ட்ராக்சர் என்று மருத்துவர் எழுதுகிறார். இப்போது எம்24.574 முதலில், எஸ்96.121எஸ் பின்னால்.

அடியே படாமல் கிழிந்தால்

நோயாளி நடைபாதையிலிருந்து சும்மா ஓரடி கீழே வைத்தார், ‘படக்’ என்று டெண்டன் போய்விட்டது. இதை எஸ் வரிசையில் போடுவதா? சாதாரண விசை, ஏற்கெனவே பலவீனமான திசு என்றால் எம்66, தானாக ஏற்பட்ட கிழிசல். அசாதாரண விசை, நல்ல திசு என்றால் எஸ் வரிசை, அதாவது காயம். எம்66இன் தலைப்பிலேயே இந்த வேறுபாடு எழுதியிருக்கிறது. சார்ட்டில் நீண்டகால ஸ்டீராய்டோ, சிப்ரோஃப்ளாக்சசின் போன்ற ஃப்ளோரோகுவினலோன் வகை ஆன்டிபயாட்டிக்கோ இருந்தால் காதைத் தீட்டிக்கொள்ளுங்கள். இந்த வகை மருந்துகளால் டெண்டன் கிழியலாம் என்று அமெரிக்க மருந்து ஆணையம் 2008இல் கறுப்புக் கட்ட எச்சரிக்கையே சேர்த்தது. மருந்தால் வந்தது என்று மருத்துவர் எழுதியிருந்தால் கிழிசல் முதலில், மருந்தின் பாதக விளைவுக்கான குறியீடு அடுத்து. மருந்துப் பட்டியலைப் பார்த்து நீங்களே இந்த முடிச்சைப் போடக் கூடாது.

மாதக்கணக்கில் ஓடி ஓடித் தேய்ந்து வீங்கிய டெண்டனும் காயம் அல்ல. அகில்லிஸ் டெண்டினைட்டிஸ் எம்76.6, பெரோனியல் எம்76.7, போஸ்டீரியர் டிபியல் எம்76.82. காலையில் குதிகாலை ஊன்ற முடியாத பிளாண்டர் ஃபேசியைட்டிஸ் எம்72.2, அது டெண்டனே இல்லை.

‘இருக்கலாம்’ என்ற சொல்

வெளிநோயாளி சார்ட்டில் ‘ஃப்ளெக்சர் டெண்டன் கிழிந்திருக்கலாம்’, ‘சந்தேகம்’ என்று எழுதியிருந்தால் கிழிசலுக்குக் குறியீடு கிடையாது. என்ன உறுதியாகத் தெரிகிறதோ அதுதான். வலது பாதத்தில் வலி என்றால் எம்79.671. உள்நோயாளியாக இருந்து, டிஸ்சார்ஜ் சமயத்திலும் ‘இருக்கலாம்’ என்றே முடிந்திருந்தால் மருத்துவமனைக் கணக்கில் அதை இருப்பதாகவே எடுத்துக்கொள்ளலாம். எம்ஆர்ஐயைப் படித்த ரேடியாலஜிஸ்ட் ‘பகுதிக் கிழிசல்’ என்று உறுதியாக எழுதியிருந்தால் அந்த எம்ஆர்ஐ கிளெய்மில் அதைப் போடலாம், அவரும் மருத்துவர்தான்.

கிளெய்ம் திரும்பி வரும்போது முதலில் பார்க்க வேண்டியது பக்கம். நோயறிதலில் வலது, மாடிஃபையரில் எல்டி என்று இருந்தால் கணினியே தள்ளிவிடும். இரண்டாவது எஸ்96.9. எம்ஆர்ஐயில் டெண்டன் பெயர் தெளிவாக இருக்கும்போது ‘குறிப்பிடப்படாத தசை’ என்று அறுவைசிகிச்சைக்குப் பில் போட்டால், என்ன தெரிந்து வெட்டினீர்கள் என்று கேட்பார்கள். நியாயமான கேள்விதான்.

சார்ட்டிலேயே விவரம் இல்லை என்றால் மருத்துவருக்குக் குவெரி அனுப்புவது உங்கள் வேலையில் சேர்ந்தது. ‘ஃப்ளெக்சர் ஹாலுசிஸ் லாங்கஸ் கிழிசல் என்று எழுதித் தர முடியுமா?’ என்று கேட்பது பதிலை ஊட்டிவிடும் கேள்வி, ஆடிட்டில் நிற்காது. இப்படிக் கேளுங்கள்: ‘மார்ச் 4 வருகைக் குறிப்பில் இடது கணுக்கால் ஸ்ட்ரெயின் என்று உள்ளது. பரிசோதனையில் பெருவிரலை மடக்கும்போது உள்கணுக்காலுக்குப் பின்னால் வலி என்று உள்ளது. பாதிக்கப்பட்ட அமைப்பு எது என்பதைத் தங்கள் மருத்துவ முடிவின்படி குறிப்பிடவும்: லிகமெண்ட் (எது), தசை அல்லது டெண்டன் (எது), வேறு, தீர்மானிக்க இயலவில்லை.’ கடைசித் தெரிவை விட்டுவிடாதீர்கள். அவர் அதைத் தேர்ந்தெடுத்தால் அப்போது எஸ்96.912ஏ தாராளமாகப் போடலாம்: இடது, ஸ்ட்ரெயின், தசை தெரியாது. கேட்டதற்கான தாள் சார்ட்டிலேயே இருக்கும்.